பழைய கிறிஸ்தவக் கோயிலின் வயதைக் கண்டுபிடிக்க ஒரு டார்ச் போதும்

என் அப்பா குமரி மாவட்டம் தக்கலைப் பக்கம் ஒரு கத்தோலிக்கப் பங்கில் முப்பது வருடம் கோயில்பிள்ளையாக இருந்தார். மணி அடிப்பது, பீடம் துடைப்பது எல்லாம் அவர் பாடு. பழைய கோயிலைப் பார்க்கக் கற்றுத் தந்தவரும் அவர்தான். திறப்புவிழாக் கல்லை நம்பாதே, அது கடைசியாகச் சுண்ணாம்பு அடித்தவன் பேரைத்தான் சொல்லும் என்பார்.

கோயிலில் ஆள் இல்லாத மத்தியான நேரத்தில் போங்கள். முதலில் வெளியே ஒரு சுற்று. சுவர் அடியில் உதிர்ந்து கிடக்கும் பூச்சில் ஒரு துண்டை எடுத்து விரலால் நசுக்குங்கள். வெள்ளையாகப் பொடிந்தால் சுண்ணாம்புக் காரை. சாம்பல் நிறத்தில் கல்லாக நின்றால் சிமெண்ட், பிற்காலத்து வேலை. சுவரைச் சுரண்டக் கூடாது.

கருங்கல் வேலைக்குக் கண் பழக, தக்கலைக்குப் பக்கத்தில் திருவிதாங்கோட்டில் இருக்கும் அரப்பள்ளி என்ற பழைய தேவாலயத்துக்கு ஒருமுறை போய் வாருங்கள். இயேசுவின் சீடர் தோமையார் கி.பி. 63-இல் எழுப்பினார் என்பது மரபு. நம் ஊர் இந்துக் கோயில் மண்டபங்களின் சாயல் அந்தக் கல் சுவரில் அப்படியே இருக்கும்.

உள்ளே போனதும் பீடத்தைப் பாருங்கள். சுவரை ஒட்டி உயரமாகப் பழைய பீடம், அதன் முன்னால் தனியாக ஒரு மேசைப் பீடம் என்று இரண்டு இருந்தால், அந்த மேசைப் பீடம், உலக ஆயர்கள் கூடிய இரண்டாம் வத்திக்கான் சங்கத்துக்கு (1962–65) பிறகு வந்தது. அதற்கு முன் சாமியார் மக்களுக்கு முதுகு காட்டி நின்றுதான் பூசை வைப்பார்.

அடுத்து தரை. எனக்கு உயிரான இடம் இதுதான். தரையில் பதித்த கல்லறைக் கல்லின் எழுத்து தேய்ந்து, நேரே பார்த்தால் ஒன்றும் தெரியாது. டார்ச்சைத் தரையோடு தரையாகப் படுக்க வைத்து வெளிச்சம் அடியுங்கள். எழுத்துக் குழியில் நிழல் விழுந்து ஒவ்வொன்றாக எழுந்து வரும். ஆண்டு சின்ன எண்ணாக இருந்தால் பதற வேண்டாம், மலையாள நாட்டுக் கணக்கான கொல்லம் ஆண்டாக இருக்கும். 1956-இல் தமிழ்நாட்டோடு சேரும்வரை நம் குமரிப் பகுதி திருவிதாங்கூர்ப் பக்கம்தானே. ஆவணியிலிருந்து டிசம்பர் வரை என்றால் 824, ஜனவரியிலிருந்து ஆடி வரை என்றால் 825 கூட்டுங்கள், நாம் எழுதும் ஆங்கில ஆண்டு வரும். உதாரணத்துக்கு, நாகர்கோவில் கோட்டாறு கோயிலில் அடக்கமான புனித தேவசகாயம் காற்றாடிமலையில் சுடப்பட்டது 1752 ஜனவரி 14. கொல்லம் கணக்கில் அது 927.

எங்கள் கோயிலைப் புதுப்பித்தபோது இந்தக் கல்லறைக் கற்கள் மேலேயே டைல்ஸ் ஒட்டிவிட்டார்கள். கேட்டோம், அழுதோம், நடக்கவில்லை. அதனால் சொல்கிறேன்: உங்கள் ஊரில் புதுப்பிப்பு வேலை என்ற பேச்சு எழுந்த அன்றே போய், ஒவ்வொரு கல்லையும் டார்ச் வெளிச்சத்தில் படம் எடுத்து, எந்தத் தூணிலிருந்து எத்தனை அடி என்று அளந்து எழுதி வையுங்கள். ஒரு பிரதியைப் பங்குச் சாமியாரிடம் கொடுத்து, ஞானஸ்நானப் பதிவேடு இருக்கும் அலமாரியில் வைக்கச் சொல்லுங்கள்.