குரலில்லாமல் பூட்டானைச் சொல்லும் குறும்படம்

பூட்டானைப் பற்றி எட்டு நிமிட ஆவணப்படம் எடுக்கப் புறப்படுகிறவர்கள், பாரோ பள்ளத்தாக்குக்கு ஏறத்தாழ 900 மீட்டர் மேலே பாறையோடு ஒட்டி நிற்கும் தக்சங் மடாலயத்தைத்தான் முதலில் படம்பிடிக்கத் துடிப்பார்கள். அதில் தொடங்கினால் படம் சுற்றுலா விளம்பரம் ஆகிவிடும். பின்னணிக் குரலே இல்லாத படத்துக்குக் காட்சிகளைக் கோக்க ஒரு சரடு வேண்டும். நான் தண்ணீரைத்தான் தேர்ந்தெடுப்பேன்.

ஓடையோரச் சிறு மண்டபங்களில் நீரின் வேகத்தால் சுழலும் பிரார்த்தனை உருளைகளை அங்கே பல இடங்களில் காணலாம். கேமராவை முக்காலியில் பொருத்தி, உருளையோடு சுற்றும் குச்சி ஒவ்வொரு சுற்றிலும் மணியைத் தட்டிவிட்டுப் போவதை மிக அருகிலிருந்து, முப்பது விநாடியாவது அசைக்காமல் எடுங்கள். அந்த ஒலியைத் தனிக் கருவியில் இரண்டு நிமிடம் பதிந்துகொண்டால், எடிட்டிங்கில் ஒரு ஷாட்டை எங்கே வெட்டுவது என்பதை மணியே சொல்லிவிடும்.

அடுத்து, போ சூ, மோ சூ ஆறுகள் கூடும் இடத்தில் 1637-38இல் எழுப்பப்பட்ட புனாக்கா கோட்டை. மலை மறைப்பதால் பள்ளத்தாக்கில் வெயில் தாமதமாகவே இறங்கும் என்றாலும், விடியும் முன்பே எதிர்க்கரையில் இடம்பிடித்துவிடுவது நல்லது. நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 என வைத்து, வெளிச்சம் ஏறும்போது, லென்ஸுக்குள் நுழையும் ஒளியை என்டி ஃபில்டர் என்ற கருநிறக் கண்ணாடியால் குறையுங்கள். வெள்ளைச் சுவர்களுக்கு ஏற்ப ஒளியளவை அமைக்காவிட்டால், அவை வெறும் வெண்திட்டுகளாகிவிடும், பிறகு எந்த மென்பொருளாலும் மீட்க முடியாது.

நவம்பரில் போனால் திபெத்திலிருந்து வரும் கருங்கழுத்துக் கொக்குகளை ஃபோப்ஜிகா சதுப்பு நிலத்தில் நீள லென்ஸால் தொலைவிலிருந்தே எடுக்கலாம். டிரோனுக்கு அரசின் முன் அனுமதி தேவை. அனுமதி கிடைத்தாலும் பறவைகளின் பக்கம் கொண்டுபோகாதீர்கள். பூட்டானின் மரபு உடைகளான கோ (ஆண்களுடையது), கிரா (பெண்களுடையது) அணிந்தவர்களை எடுக்குமுன் கேட்டுக்கொள்ளுங்கள். பல நேரம் முகத்தைவிட ஜெபமாலை உருட்டும் விரல்களே அதிகம் பேசும்.

தக்சங்கைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள். மடாலயத்தை எட்டுவதற்குச் சற்று முன் பாதையை ஒட்டி ஓர் அருவி விழுகிறது. உள்ளே போகுமுன் கேமராவை வாயிலிலேயே ஒப்படைத்துவிட வேண்டும் என்பதால், அந்த அருவியே உங்கள் இறுதி ஷாட்.