ஒரு வீடு, இரண்டு நடிகர்கள், மூன்று பக்கக் காட்சி: ஒரே நாளில் எடுப்பது எப்படி?

சொத்தில் தங்கை தன் பங்கை விட்டுக்கொடுப்பதற்கான விடுதலைப் பத்திரத்தோடு அண்ணன் வந்திருக்கிறான். தங்கை சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டிருக்கிறாள். கையெழுத்துப் போடு என்று அவன் வாய்விட்டுக் கேட்கவில்லை. மாட்டேன் என்று அவளும் சொல்லவில்லை. கையில் காசில்லாத இயக்குநருக்கு இப்படி ஒரு காட்சி போதும். திரைக்கதையில் ஒரு பக்கம் ஏறக்குறைய ஒரு நிமிடம். புதிய குழு ஒரு நாளைக்கு மூன்று பக்கத்தைத் தாண்ட வேண்டாம்.

ஒத்திகையை முன்பே, முடிந்தால் அதே வீட்டில் முடித்துவிடுங்கள். அண்ணனுக்கு என்ன அவசரம், தங்கை எதை மறைக்கிறாள் என்பதை அவரவரிடம் தனித்தனியாகச் சொல்லுங்கள். எதிராளிக்குத் தெரியக் கூடாது. எந்தச் சொல்லில் உரிக்கும் கை நிற்கிறது என்பதையும் அப்போதே முடிவு செய்யுங்கள். டேக்குக்கு டேக் அது மாறினால் எடிட்டிங்கில் ஷாட்டுகள் ஒட்டாது. ஒவ்வொரு டேக்குக்கு முன்பும் தட்டைப் போனில் படமெடுத்து, உரித்தது எத்தனை, உரிக்காதது எத்தனை என்று பார்த்து அடுக்குங்கள். இரண்டு கிலோ வாங்கிவைத்தால் நிம்மதி. தண்ணீரில் ஊறவைத்த வெங்காயம் கண்ணை அவ்வளவாக எரிக்காது. தங்கை அழ வேண்டிய இடம் எது என்பதை வெங்காயம் தீர்மானிக்கக் கூடாது, பாருங்கள்.

கேமரா வாடகையில் மிச்சம் பிடித்தாவது ஒலிப்பதிவாளரை வையுங்கள். படம் கொஞ்சம் இருட்டினால் பார்ப்பவர் பொறுத்துக்கொள்வார், வசனம் புரியாவிட்டால் எழுந்துவிடுவார். மின்விசிறி, ஃபிரிட்ஜ், தண்ணீர் மோட்டார் எல்லாவற்றையும் அணையுங்கள். பைக் சாவியை ஃபிரிட்ஜுக்குள் போட்டுவைத்தால் கிளம்பும்போது ஃபிரிட்ஜைத் திரும்ப ஆன் செய்ய மறக்காது. உடையில் குத்தும் லேப்பல் மைக்கில் தாலிச் சங்கிலி இடிக்கும், கஞ்சி போட்ட புடவை உரசும். டேப் ஒட்டுங்கள், நீளக் கம்பில் பிடிக்கும் பூம் மைக்கிலும் பதியுங்கள். உச்சக் குரல் மைனஸ் 12 டெசிபல் அளவில் நிற்கட்டும். கலைவதற்கு முன் எல்லோரும் அசையாமல் நிற்க, ஒரு நிமிடம் வெறும் ஆம்பியன்ஸ், அதாவது அந்த அறையின் சத்தம் மட்டும், பதியுங்கள்.

விநாடிக்கு 24 ஃபிரேமில் எடுத்தால் ஷட்டர் வேகம் 1/50 விநாடி. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ்; ஷட்டர் அதோடு பொருந்தாவிட்டால் டியூப்லைட் படத்தில் துடிக்கும். ஜன்னல் தெரியும் ஷாட்டுகளை முதலில் எடுங்கள். வெயில் இறங்கிய பிறகு வெளிச்சத்தைத் திருப்பிவிடத் தெர்மாகோல் பிடித்தும் பயனில்லை.

வழக்கமாக முழுக் காட்சியும் தெரியும் மாஸ்டர், பிறகு ஒருவர் தோளுக்கு மேலாக மற்றவரைக் காட்டும் சஜஷன், கடைசியில் க்ளோஸப். ஆனால் தங்கை உடைந்துபோகும் காட்சி என்றால் அவள் க்ளோஸப்பை முதலில் எடுங்கள். ஆறாவது டேக்கில் அழுகை வெறும் பழக்கமாகிவிடும். அந்த க்ளோஸப் எடுக்கும்போது லென்ஸுக்குப் பக்கத்தில் நின்று வசனம் சொல்ல வேண்டியது அண்ணனாக நடிப்பவர்தான், உதவி இயக்குநர் அல்ல. அவள் பார்வை இடப்பக்கம் (லெஃப்ட் லுக்) என்றால் அவன் பார்வை வலப்பக்கம் (ரைட் லுக்). இருவருக்கும் இடையே ஓடும் கற்பனைக் கோட்டைக் கேமரா தாண்டினால் இருவரும் ஒரே திசையைப் பார்ப்பதுபோல் ஆகிவிடும். பேசாமல் கேட்கும் முகத்தையும் முழுக் காட்சிக்கு எடுங்கள். வசனம் முடிந்ததும் கட் சொல்லாமல் பத்து விநாடி பொறுங்கள். எடிட்டர் தேடப்போவது அந்தப் பத்து விநாடியைத்தான்.

இரவே இரண்டு டிஸ்க்கில் நகலெடுத்து, ஒவ்வொரு கிளிப்பையும் ஓட்டிப் பார்த்த பிறகே கேமராவின் மெமரி கார்டை அழியுங்கள்.