பேசுவது யார்? லத்தீன் அங்கதக் கவிதை ஆய்வில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ரோமானிய அங்கதக் கவிதையில் ஆய்வு தொடங்குவோரின் கட்டுரைகள் திருத்தத்துக்காக என்னிடம் வந்துகொண்டே இருக்கின்றன. தொடக்கத்தில் நான் இடறிய அதே இடங்களில்தான் இவர்களும் இடறுகிறார்கள். வேற்றுமை உருபைத் தவறாகப் படிப்பது, வரி எண்ணை மாற்றிப் போடுவது போன்றவற்றை இங்கே விட்டுவிடுகிறேன். அகராதியும் பொறுமையும் இருந்தால் அவை சரியாகிவிடும். ஆய்வையே கவிழ்க்கும் பிழைகள் வேறு.

பேசுகிறவனைக் கவிஞனாகக் கொள்வது

எனக்கு இன்றும் எரிச்சல் மூட்டுவது இதுதான். ஜூவெனல் என்ற ரோமானிய அங்கதக் கவிஞரின் மூன்றாம் அங்கதத்தில் ஒருவன் ரோம் வேண்டாம் என்று கிளம்புகிறான். வீட்டுச் சாமான் முழுவதும் ஒரே வண்டியில் ஏற்றப்படுகிறது. நகரின் கப்பேனா வாயிலருகே நின்றபடி அவன் தன் ஆற்றாமையைக் கொட்டுகிறான். வாடகைக் குடியிருப்புகள் இடிந்து விழுகின்றன. இரவில் மாடியிலிருந்து சட்டிபானைகள் தலையில் விழுகின்றன. ஏழை சொல் அம்பலம் ஏறுவதில்லை. கிரேக்கர்கள் நகரத்தைப் பிடித்துக்கொண்டார்கள். சிரியாவின் ஒரொன்டிஸ் ஆறே ரோமின் டைபர் ஆற்றில் வந்து கலந்துவிட்டது. பாடல் 322 வரி. முதல் இருபது வரிகள் போக மற்றதெல்லாம் அவன் பேச்சு. அவன் பெயர் உம்பிரிக்கியஸ்.

ஆனால் என் கைக்கு வரும் கட்டுரைகள் "ஜூவெனல் கிரேக்கர்களை வெறுத்தார்" என்றே தொடங்குகின்றன. அண்மையில் ஒரு முனைவர் பட்ட மாணவர், ரோமில் குடியேறியவர்களின் நிலை குறித்து ஓர் அதிகாரம் முழுவதையும் இந்தப் பாடலின் மேல் கட்டியிருந்தார். உழைப்பில் குறை சொல்ல முடியாது. லத்தீனும் சுத்தமாக இருந்தது. உம்பிரிக்கியஸின் பெயர் மட்டும் அதில் ஓரிடத்தில்கூட இல்லை. "இந்த வரியைச் சொல்வது யார்?" என்று அவரிடம் யாருமே கேட்டிருக்கவில்லை. உதவித்தொகைக் காலம் முடியவிருந்த நேரத்தில் அந்த அதிகாரத்தை அடியோடு எடுத்துவிட்டு வேறு எழுத வேண்டியதாயிற்று.

தமிழ் இலக்கியம் படித்தவர்களும் இந்தத் தவற்றைச் செய்வதுதான் எனக்குத் தாங்கவில்லை. 'யாரும் இல்லைத் தானே கள்வன்' என்ற குறுந்தொகைப் பாட்டைப் படித்துவிட்டு, கபிலரை ஒருவன் கைவிட்டுப் போனான் என்று எவரும் எழுதமாட்டார்கள். பாடியவர் கபிலர், பேசுபவள் தலைவி என்பது நமக்கு இயல்பாகவே தெரியும். நம் பாட்டுக்குக் கூற்றுக் குறிப்பு துணைக்கு இருக்கிறது. லத்தீன் பாட்டில் அதை நாமே தேடி எடுக்க வேண்டும்.

தேடினால் என்ன கிடைக்கும் என்பதற்கு அந்தப் பேச்சையே பாருங்கள். "எனக்குப் பொய் சொல்லத் தெரியாது, ரோமில் எனக்கு என்ன வேலை?" என்கிறான் 41ஆம் வரியில். கிரேக்கன் எப்படி ஒட்டிக்கொள்கிறான் என்று பிறகு விவரிக்கிறான். நீ சிரித்தால் அவன் அதைவிட உரக்கச் சிரிப்பான். நீ அழுதால் துளியும் துக்கம் இல்லாமல் அவனும் அழுவான். குளிர்காலத்தில் நீ கொஞ்சம் நெருப்புக் கேட்டால் அவன் கம்பளியைப் போர்த்திக்கொள்வான். "புழுங்குகிறது" என்றால் அவனுக்கு வியர்த்துவிடும். இந்தச் சித்திரத்துக்குச் சற்று முன்னால், 92ஆம் வரியில், உண்மை வெளியே வந்துவிடுகிறது: இதே புகழ்ச்சியை நாமும் செய்யலாம், ஆனால் அவர்கள் சொன்னால்தான் நம்புகிறார்கள். முகத்துதி இழிவானது என்பது அவன் குறையே அல்ல. அந்தப் போட்டியில் தோற்றுப்போனதுதான் குறை. கிரேக்கர்களைப் பொறுக்க முடியாமல் அவன் குடிபோகும் ஊர் எது தெரியுமா? கூமை. இத்தாலியின் பெருநிலத்தில் கிரேக்கர்கள் நிறுவிய மிகப் பழைய குடியேற்றங்களில் ஒன்று. 'ஜூவெனல் சொல்கிறார்' என்று எழுதிய கணத்தில் இவ்வளவும் கைநழுவிப் போகிறது.

அதற்காக எதிர்முனைக்கும் ஓடிவிடக் கூடாது. 1954இல் கில்பர்ட் ஹைஎட் என்ற ஆய்வாளர் ஜூவெனலின் பாடல்களிலிருந்து அவர் வாழ்க்கையைக் கட்டியெழுப்பினார். அடுத்து வந்த வில்லியம் ஆண்டர்சன் போன்றோர், பேசுவது கவிஞர் பூண்ட வேடம் என்று வாதிட்டார்கள். நல்ல திருத்தம்தான். ஆனால் இன்று சிலர் 'எல்லாம் வேடம்' என்று ஒரே வரியில் கதவைச் சாத்திவிடுகிறார்கள். முன்னோடி அங்கதக் கவிஞர் லூசிலியஸின் முழு வாழ்க்கையும் நேர்த்திக்கடன் பலகையில் தீட்டிய ஓவியம்போல அவர் நூல்களில் திறந்து கிடக்கிறது என்று, அவருக்குப் பின் அங்கதம் எழுதிய ஹோரஸே சொல்லியிருக்கிறார். பழங்கால வாசகர்களும் கவிஞரைப் பாட்டுக்குள் தேடினார்கள். வேடத்தின் வாயிலிருந்து வந்தாலும் வெறுப்பு வெறுப்புதான். அதைக் கேட்டுச் சிரித்த அவை யாருடையது என்ற கேள்வி அப்படியே நிற்கிறது.

வரலாற்றுச் சான்றாக எடுக்கவே கூடாதா? எடுக்கலாம், வெளியே இன்னொரு சாட்சி இருந்தால். இடிந்து விழும் வீடுகளைப் பற்றி எழுதுகிறீர்களா? பொது வீதிகளை ஒட்டிய புதுக் கட்டடங்களின் உயரத்தைப் பேரரசர் அகஸ்டஸ் 70 அடிக்குள் நிறுத்தியதைப் புவியியலாளர் ஸ்டிராபோ பதிவு செய்திருக்கிறார். அதை முதலில் வையுங்கள். உம்பிரிக்கியஸை அதன் பக்கத்தில், அவன் பெயரோடு வையுங்கள்.

மேற்கோள் நூலிலிருந்து வரிகளை அள்ளுவது

"காவலர்களை யார் காப்பது?" என்ற வரியை அரசியல் கட்டுரைகளில் பார்த்துவிட்டு, ஆட்சியாளர்களைப் பற்றியது என்றே பலர் எழுதுகிறார்கள். ஜூவெனலின் ஆறாம் அங்கதத்தில் அது மனைவியைப் பூட்டிவைக்கச் சொல்லும் நண்பர்களுக்கான பதில். மூலபாடச் சிக்கலும் உண்டு: 1899இல் வின்ஸ்டெட் என்ற ஆக்ஸ்ஃபோர்டு மாணவர் போட்லியன் நூலகச் சுவடி ஒன்றில், வேறு எதிலும் இல்லாத 36 வரிகளைக் கண்டார். இதே கேள்வி அங்கேயும் வேறு உருவில் வருகிறது. அவை ஜூவெனலுடையவைதானா என்ற வழக்கு இன்னும் தீரவில்லை. சுவடிகளை ஒப்பிட்டு உருவாக்கிய செம்பதிப்பின் அடிக்குறிப்பைப் பார்க்காமல் இந்த வரியைத் தொடாதீர்கள்.

"நலமான உடலில் நலமான மனம்" என்பதும் உடற்பயிற்சி அறிவுரை அல்ல. பத்தாம் அங்கதத்தின் கடைசியில், எதையாவது வேண்டித்தான் ஆக வேண்டுமென்றால் இதை வேண்டிக்கொள் என்று வருகிறது. முந்தைய வரியில் படையலாகப் பன்றிக் குடல்பண்டம் இருக்கிறது. அந்தத் தொனியைச் சேர்த்துப் படிக்க வேண்டும்.

யாப்பைத் தள்ளிவிட்டுப் பொருளை மட்டும் படிப்பது

அங்கதம் ஹெக்சாமீட்டர் என்ற அறுசீர் யாப்பில் எழுதப்படுகிறது. அது காவியத்தின் யாப்பு. நான்காம் அங்கதத்தில் பேரரசர் டொமிஷியனுக்கு ஒரு ராட்சத மீன் காணிக்கையாக வருகிறது. அதை வைக்க ஏற்ற பாத்திரம் இல்லை. போர் மூண்டதுபோல ஆலோசனைச் சபை அவசரமாகக் கூடுகிறது. டொமிஷியனின் ஜெர்மானியப் போரைப் புகழ்ந்து ஸ்டேஷியஸ் என்ற கவிஞர் பாடிய காவியத்தின் சில வரிகளைப் பழைய உரைக்குறிப்பு ஒன்று காப்பாற்றித் தந்திருக்கிறது. அந்த வரிகளில் உள்ள சபையினர் பெயர்களுள் சில ஜூவெனலின் மீன் சபையிலும் வருகின்றன. வாய்விட்டு, சீர் பிரித்துப் படித்தால்தான் மீனுக்கும் காவிய ஓசைக்கும் உள்ள மோதல் காதில் விழும். உரைநடை மொழிபெயர்ப்பில் எஞ்சுவது மீன் மட்டுமே.

பெர்சியஸில் தொடங்குவது

வேண்டாம். இன்னொரு அங்கதக் கவிஞரான அவரிடம் ஹோரஸை முடித்துவிட்டு வாருங்கள்.

ஜூவெனல் வரலாறு

சுவடிகளில் உள்ள பழைய வரலாறுகளை நம்பி, அவர் எகிப்துக்கு நாடுகடத்தப்பட்டார் என்று உறுதியாக எழுதாதீர்கள்.

லூசிலியஸின் துண்டுகள்

முப்பது நூல்களில் எஞ்சியவை ஏறத்தாழ 1,300 வரிகள். அவற்றில் பெரும்பகுதியை நோனியஸ் என்ற இலக்கணக்காரர் அரிய சொற்களுக்காக எடுத்தாண்டதால்தான் பெற்றிருக்கிறோம். ஆகவே லூசிலியஸ் அரிய சொற்களில் மோகம் கொண்டவர் என்று முடிவு கட்டாதீர்கள். அது நோனியஸின் தேவை. ஃபிரெட்ரிக் மார்க்ஸ், வார்மிங்டன், கிரெங்கல் ஆகியோரின் பதிப்புகளில் துண்டுகளின் எண்கள் வேறுபடுகின்றன. எண்ணை எழுதும்போது பதிப்பாசிரியர் பெயரையும் சேர்த்து எழுதுங்கள்.