தவணைக்குப் போகாததால் தள்ளுபடியான வழக்கை மீட்பது எப்படி

விளக்கத்துக்கு (வழக்கு விசாரணைக்கு) குறித்த நாளில் வழக்காளியும் வரவில்லை, அவருக்காகச் சட்டத்தரணியும் தோன்றவில்லை என்றால், இலங்கையின் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 87ஆம் பிரிவின்படி வழக்குத் தள்ளுபடியாகும். அன்று எதிராளியும் வராமல் விட்டிருந்தாலும் முடிவு அதுதான். மட்டக்களப்பு, கல்முனை, அக்கரைப்பற்று என எந்த மாவட்ட நீதிமன்றமானாலும் விதி ஒன்றே.

இதற்குப் பிறகு "புதிதாக ஒரு வழக்குப் போடுவோம்" என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள். அதே காரணத்தின் மேல் இன்னொரு வழக்குப் போட 87(2) இடம் தராது. காணி, கடன், ஒப்பந்தம் எதுவானாலும் தள்ளுபடி செய்த அதே நீதிமன்றத்துக்குத்தான் திரும்பிப் போக வேண்டும்.

முதலில் பதிவாளர் அலுவலகத்தில் வழக்கேட்டைப் பார்வையிட்டு, தள்ளுபடிக் கட்டளைக்குச் சான்றுப்படுத்திய பிரதி எடுங்கள். எந்தப் பிரிவின் கீழ் கட்டளை என்பதை அதில்தான் உறுதி செய்யலாம். 87 என்றால் மனுவும் அதற்கு ஆதாரமான சத்தியக்கடதாசியும் தாக்கல் செய்ய வேண்டும். எதிராளிக்கு அறிவித்தல் அனுப்பி விசாரித்த பிறகே கட்டளை வரும். வராததற்கு நியாயமான காரணம் இருந்ததென்று நீதிமன்றம் திருப்திப்பட்டால், வழக்கு நின்ற கட்டத்திலிருந்தே தொடரும். எதிராளிக்குச் செலவு கட்டும்படி சொல்லலாம்.

காலக்கெடு பற்றி ஒரு குழப்பம் உண்டு. 14 நாள் என்பது எதிராளிக்கு, அவர் வராததால் அவருக்கு எதிராக வழங்கப்பட்ட ஒருதலைத் தீர்ப்பாணை கையில் கிடைத்ததிலிருந்து. வழக்காளிக்குச் சட்டம் "நியாயமான காலம்" என்று மட்டுமே சொல்கிறது. அதை நம்பி மாதக்கணக்கில் இருந்துவிடுவதுதான் பெரும் இழப்பு. பிந்தினால் இரண்டு விளக்கம் தர வேண்டி வரும்: அன்று ஏன் வரவில்லை, அதன்பின் ஏன் இவ்வளவு நாள்.

மனுக்கள் பெரும்பாலும் சத்தியக்கடதாசியில்தான் தோற்கின்றன. "சுகமில்லை" என்ற ஒரு வரி போதாது. என்ன நோய், எந்த ஆஸ்பத்திரி, எந்தத் திகதி முதல் எந்தத் திகதி வரை என்று எழுதி, மருத்துவச் சான்றிதழை இணையுங்கள். மார்கழி வெள்ளத்தில் படுவான்கரைப் பாதை மூடிக் கிடந்ததா? அந்தத் திகதியைக் குறித்துக் கிராம உத்தியோகத்தரிடம் கடிதம் வாங்குங்கள். தவணைத் திகதியைச் சட்டத்தரணி டயரியில் பிழையாகக் குறித்திருந்தால், அவரே தனியாக ஒரு சத்தியக்கடதாசி கொடுத்து, டயரிப் பக்கத்தையும் இணைப்பது நல்லது. வேறொருவர் சொல்லக் கேட்டதை நீங்கள் சத்தியம் செய்தால் எதிர்த்தரப்பு அதைப் பிடித்துக்கொள்ளும். சமாதான நீதவான் முன் ஒப்பமிடும்போது இடமும் திகதியும் விடுபடாமல் பாருங்கள்.

கட்டளை 402ஆம் பிரிவின் கீழ் என்றால் விஷயம் வேறு. கடைசிப் பதிவிலிருந்து 12 மாதத்துக்கு மேல், எடுக்க வேண்டிய நடவடிக்கையை வழக்காளி எடுக்காவிட்டால் வழக்கு அற்றுப்போனதாக மாவட்ட நீதிமன்றம் கட்டளையிடலாம். அழைப்பாணை திரும்பி வந்த பின் புதிய விலாசம் கொடுக்காமல் விடுவது இதற்கு நல்ல உதாரணம். ஆனால் அடுத்த அடியை எடுக்க வேண்டியது நீதிமன்றம்தான் என்றால், அந்தத் தாமதம் உங்கள் தலையில் விழாது. வழக்கேட்டின் பதிவுகளைத் திகதி வாரியாக மனுவில் காட்டுங்கள். அந்தக் கட்டளையை நீக்கக் கோருவது 403இன் கீழ்.

காணிப் பிரிவினை வழக்குக்கு 402 பொருந்தாது. 1977ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கப் பிரிவினைச் சட்டத்தின் 70ஆம் பிரிவின்படி, வழக்காளி அக்கறையில்லாமல் விட்டால் எதிராளிகளில் ஒருவரை வழக்காளியாக்கி வழக்கைக் கொண்டுபோக நீதிமன்றம் அனுமதிக்கலாம். பங்காளி யாராவது இருந்தால் இதைக் கேளுங்கள்.

87இன் கீழ் கொடுத்த மனு மறுக்கப்பட்டால், அந்த மறுப்புக் கட்டளைக்கு எதிராக மேன்முறையீடு உண்டு. அதற்குரிய நாட்கள் குறைவு. கட்டளை வாசித்த அன்றே பிரதிக்கு விண்ணப்பியுங்கள்.