செக் நாட்டில் பொம்மலாட்டக் கலைஞராவது எப்படி?

செக் நாட்டில் பொம்மலாட்டத்தைத் தொழிலாகக் கொள்ள விரும்புவோர், முதலில் ஓர் அமெச்சூர் குழுவில் சேர்ந்து கைப்பழக்கம் பெறுவது நல்லது. அத்தகைய குழுக்களுக்கென்றே க்ருடிம் நகரில் 1951 முதல் விழா நடந்துவருகிறது. அடுத்து, பிராகிலுள்ள நிகழ்த்துகலைக் கழகத்தில் 1952இல் தொடங்கப்பட்ட பொம்மலாட்டத் துறையின் நுழைவுத் தேர்வுக்குத் தயாராக வேண்டும்.

பயிற்சியில் பெரும்பகுதியை நடைக்கே ஒதுக்குங்கள். தலையில் கம்பி பொருத்திய மரப்பொம்மையைச் சற்றே உயர்த்தினால் அது மிதப்பதாகத் தோன்றும், தாழ்த்தினால் முழங்கால் மடங்கிவிடும். பாதம் தரையில் சரியாகப் படியும்போதுதான் பொம்மைக்கு எடை உண்டாகிறது என்பதால், கண்ணாடி முன் நின்று இதை மட்டுமே நாள்கணக்கில் பழகினாலும் தகும். குரலும் அதே அளவு முக்கியம்: ஸ்பெய்பல், ஹுர்வினேக் என்னும் தந்தை, மகன் பொம்மைகள் இரண்டுக்கும் செக் பொம்மலாட்டக் கலைஞர் யோசெஃப் ஸ்குபா ஒருவரே குரல் கொடுத்தார்.

ஹ்ராடெட்ஸ் க்ராலோவே நகரின் ட்ராக் போன்ற அரங்குகளில் பொம்மையை இயக்குபவர் பார்வையாளர் கண்ணெதிரே நடிக்கவும் வேண்டியிருப்பதால், பாட்டையும் ஏதேனும் ஓர் இசைக்கருவியையும் கற்றுக்கொண்டு விண்ணப்பியுங்கள்.