மில் இயந்திரம் இறக்குமதி செய்யும்போது வரும் சுங்கத் தீர்வைத் தகராறு: தொடக்கத்திலிருந்து ஒரு வழிகாட்டி

சம்மாந்துறையிலோ ஏறாவூரிலோ ரைஸ் மில் போட்டாலும் இயந்திரம் வந்து இறங்குவது கொழும்புத் துறைமுகத்தில்தான். அங்கே சுங்கத்தின் ஒரு கேள்வியில் கொன்டெயினர் மாட்டிக்கொண்டால், இலவச நாட்கள் முடிந்ததும் டிமரேஜ் (தாமதக் கட்டணம்) ஏறத் தொடங்கும். பெரும்பாலான தகராறுகளுக்கு விதை விற்பனையாளர் தரும் இன்வொய்ஸிலேயே இருக்கிறது. அதனால் எல்சி (விற்பனையாளருக்குப் பணம் தர வங்கி கொடுக்கும் உறுதிக் கடிதம்) திறக்க முன்பே வேலையைத் தொடங்குங்கள்.

படி 1: எச்எஸ் கோட்

பொருளுக்கு எவ்வளவு தீர்வை என்பதை முடிவு செய்யும் வகைப்படுத்தல் எண்தான் எச்எஸ் கோட். முதல் ஆறு இலக்கம் உலகெங்கும் ஒன்று. மிச்சம் இரண்டு இலங்கைக்குரியவை. நெல்லைத் துப்புரவாக்கும், தரம் பிரிக்கும் இயந்திரங்கள் 8437.10, கலர் சோட்டரும் (நிறம் பார்த்துப் பிரிக்கும் இயந்திரம்) இதில்தான். ஹலர் (உமி நீக்குவது), பொலிஷர் (அரிசி தீட்டுவது) 8437.80. ட்ரையர் 8419, பொயிலர் 8402, வாளி எலிவேட்டர் 8428.

ஒரே வேலைக்காகச் சேர்ந்து இயங்கும் இயந்திரத் தொகுதியை, அந்த வேலைக்குரிய ஒரே தலைப்பில் போடலாம் என்று எச்எஸ் அட்டவணையின் 16ஆம் பிரிவின் 4ஆம் குறிப்பு சொல்கிறது. ஹலருக்கு நெல் ஊட்டும் எலிவேட்டரை இப்படிச் சேர்த்து வாதிடலாம். ஆனால் தொகுதி ஒன்றாக வரவேண்டும். பாதி இந்தக் கப்பலில், பாதி அடுத்த மாதம் என்றால் ஒவ்வொன்றையும் தனிப்பொருளாகப் பார்த்துவிடும் ஆபத்து உண்டு. உபரியாக அனுப்பும் மோட்டர் 8501, றப்பர் பெல்ட் 4010. இவற்றை இயந்திரத்துக்குள் ஒளித்து எழுதாதீர்கள்.

சந்தேகம் இருந்தால் கற்றலொக், லேஅவுட் வரைபடத்துடன் சுங்கத்திடம் வகைப்படுத்தல் தீர்மானத்தை முன்கூட்டியே எழுத்தில் கேளுங்கள். கிளியரிங் ஏஜண்டின் வாய்வார்த்தை தகராறில் உதவாது.

படி 2: இன்வொய்ஸ்

அதிகம் பணம் இழப்பது இங்கேதான். தீர்வை சிஐஎஃப் பெறுமதியில், அதாவது விலையோடு கப்பல் கூலியும் காப்புறுதியும் சேர்ந்த தொகையில் கணக்கிடப்படும். இயந்திரம் வந்தபின் நடக்கும் பொருத்துதல், இயக்கிக் காட்டல் செலவுகள் அதில் சேராது. ஆனால் அவை இன்வொய்ஸில் தனி வரியாக இருந்தால்தான் கழியும்.

உதாரணத்துக்கு: இயந்திரம் 20,000 டொலர், கூலியும் காப்புறுதியும் 2,000, பொருத்துதல் 2,500. பிரித்து எழுதினால் பெறுமதி 22,000. ‘எல்லாம் சேர்த்து 24,500’ என்று ஒரே வரியில் எழுதினால் 24,500க்கும் வரி. 18% வற் (பெறுமதி சேர் வரி) பொருந்துமானால், அந்த 2,500க்கு வற் மட்டுமே குறைந்தது 450 டொலர்.

விலையைக் குறைத்து எழுதித் தருவதாக விற்பனையாளர் சொன்னால் மறுத்துவிடுங்கள். பொய்ப் பெறுமதி பிடிபட்டால் பொருளே பறிமுதலாகும்.

படி 3: கேள்வி வந்தால்

பெறுமதியை ஏன் ஏற்கவில்லை என்ற காரணத்தை எழுத்தில் கேளுங்கள். உலக வணிக அமைப்பின் மதிப்பீட்டு உடன்படிக்கையின் 16ஆம் உறுப்புரை, பெறுமதி எப்படித் தீர்மானிக்கப்பட்டது என்பதற்கு எழுத்து விளக்கம் பெறும் உரிமையை இறக்குமதியாளருக்குத் தருகிறது. பதிலுடன் இணைக்க வேண்டியவை: ஒப்பந்தம், விலைப் பேச்சு நடந்த மின்னஞ்சல்கள், வங்கி மூலம் பணம் போன ஆதாரம், பக்கிங் லிஸ்ட் (பொதிப் பட்டியல்). இவற்றில் மொடல் எண் ஒன்றுக்கொன்று மாறியிருந்தால் மற்ற ஆதாரமெல்லாம் பலவீனமாகிவிடும். அனுப்ப முன் ஒவ்வொரு எண்ணையும் ஒப்பிடுங்கள்.

பெறுமதி முடிவு இழுபடுமானால் அதே உடன்படிக்கையின் 13ஆம் உறுப்புரைப்படி வங்கி உத்தரவாதமோ வைப்புப் பணமோ வைத்து இயந்திரத்தை விடுவிக்கக் கேட்கலாம். அறுவடை நெருங்கும்போது இதுவே நல்ல வழி. பணம் கட்டினால் ஆட்சேபனையுடன் கட்டுவதாக அன்றே எழுதிக் கொடுத்துப் பிரதியில் முத்திரை வாங்குங்கள்.

படி 4: பொருளைக் கைப்பற்றிவிட்டால்

சுங்கக் கட்டளைச் சட்டத்தின் 154ஆம் பிரிவின்படி, கைப்பற்றிய நாளிலிருந்து ஒரு மாதத்துக்குள் உரிமை கோரும் அறிவித்தலைச் சுங்கப் பணிப்பாளர் நாயகத்துக்கு எழுத்தில் கொடுத்து, பிணையும் வைக்கவேண்டும். அதிகாரியுடன் பேசிக்கொண்டிருப்பதால் இந்தக் கெடு நீளாது. முதல் வாரத்திலேயே சுங்க வழக்குப் பழகிய சட்டத்தரணி ஒருவரிடம் முழுக் கோப்பையும் கொடுத்துவிடுங்கள்.