லூசியானா தோட்ட மாளிகைகளுக்கு ஒரு நாள் டூர்: போகும் முன் தெரிந்துகொள்ள வேண்டிய தவறுகள்

ஹூஸ்டனிலிருந்து நியூ ஆர்லியன்ஸுக்குக் காரில் ஆறு மணி நேரத்துக்குள் போய்விடலாம். அதனால் இந்தப் பக்கம் இருக்கும் நம் குடும்பங்களுக்கு ஊரிலிருந்து அப்பா அம்மா வந்துவிட்டால், கூடவே ஒரு நீண்ட வார இறுதியும் கிடைத்துவிட்டால், முதலில் ஞாபகம் வருவது அந்த ஊர்தான். இரண்டு நாள் அங்கே பழைய நகரப் பகுதியான பிரெஞ்சு குவார்ட்டரைச் சுற்றி முடித்து, மூன்றாம் நாள் எங்கே போகலாம் என்று யோசிக்கும்போது ஹோட்டல் வரவேற்பறையில் ஒரு துண்டுப் பிரசுரம் கண்ணில் படும். இரண்டு பக்கமும் கிளை விரித்து நிற்கும் ஓக் மரங்கள், நடுவில் நேராக ஒரு பாதை, அதன் முடிவில் வெள்ளைத் தூண்கள் வைத்த மாளிகை. நாங்களும் அந்தப் படத்தைப் பார்த்துத்தான் டிக்கெட் எடுத்தோம். அதற்கப்புறம் விருந்தாளிகளோடு மூன்று முறை போயிருக்கிறேன். முதல் தடவை செய்த தவறுகள் எத்தனை என்று ஒவ்வொரு தடவையும் புரிந்தது.

படத்தைப் பார்த்து இடத்தைத் தேர்ந்தெடுத்ததுதான் பெரிய தவறு. மிசிசிப்பி ஆற்றின் இரு கரையிலும் நியூ ஆர்லியன்ஸுக்கும் பேட்டன் ரூஜுக்கும் நடுவே போகும் ரிவர் ரோடில், அடிமைகளை வைத்துக் கரும்பு பயிரிட்ட இந்தத் தோட்டங்கள் வரிசையாக இருக்கின்றன. வெளியிலிருந்து பார்த்தால் எல்லாம் ஒன்றுபோல் தோன்றும், உள்ளே சொல்லும் கதை இடத்துக்கு இடம் முற்றிலும் வேறு. பிரசுரத்தில் வருவது ஓக் ஆலி. மரங்கள் 28, ஏறக்குறைய 300 வயது. மாளிகை கட்டி முடித்தது 1839-ல், அதாவது மரங்களை நட்டு நூறு வருடத்துக்கும் பிறகு. பக்கத்திலேயே லாரா தோட்டம், 1805-ல் கட்டிய வண்ணம் பூசிய கிரியோல் வீடு, அதாவது பிரெஞ்சு வழிவந்த லூசியானாக்காரர்களின் பாணி. அங்கே ஒரே குடும்பத்தின் நாலு தலைமுறைக் கதையைச் சொல்வார்கள், அடிமைகளின் குடிசைகளில் சில அசலாகவே நிற்கின்றன. ஆற்றின் மறுகரையில், நகரத்துக்குக் கிட்டத்தில், டெஸ்ட்ரிஹான். அந்த வீட்டை 1787 முதல் 1790 வரை கட்டியவர் சார்லஸ் பாக்கே என்ற சுதந்திரக் கறுப்பர். அவருக்குக் கூலியாகக் கொடுக்க ஒப்புக்கொண்டது ஓர் அடிமை, ஒரு பசுவும் கன்றும், தானியம், 100 டாலர். பசுவையும் மனிதனையும் ஒரே வரியில் எழுதியிருக்கிறார்கள், அந்த வரியிலேயே அந்தக் காலம் முழுக்க இருக்கிறது.

விட்னி இவை எதைப் போலவும் இல்லை. 1752-ல் தொடங்கிய தோட்டம். அதை ஜான் கம்மிங்ஸ் என்ற வழக்கறிஞர் வாங்கி, பல வருடம் செலவழித்து, 2014 டிசம்பரில் அருங்காட்சியகமாகத் திறந்தார். ஆய்வுப் பொறுப்பை செனகல் நாட்டு வரலாற்றாசிரியர் இப்ராஹிமா செக் ஏற்றார். இங்கே முழுக் கதையும் அடிமைப்படுத்தப்பட்டவர்களின் பக்கத்திலிருந்து வருகிறது, எஜமானின் வீடு அதில் ஒரு சின்னப் பகுதிதான். ஒரே ஓர் இடத்துக்குத்தான் நேரம் இருக்கிறது என்றால் விட்னிக்குப் போங்கள். இரண்டு இடம் முடியும் என்றால் காலையில் விட்னி, மதியம் ஓக் ஆலி அல்லது லாரா. இந்த வரிசையை மாற்ற வேண்டாம். விட்னியைப் பார்த்துவிட்டு ஓக் ஆலியின் மரங்களுக்கு அடியில் நின்றால், அந்த நிழல் யார் உழைப்பில் நிம்மதியான நிழலானது என்று யாரும் சொல்லாமலே தெரியும். முதலில் ஓக் ஆலிக்குப் போனால் நேரம் முழுக்கப் புகைப்படத்திலேயே போய்விடும்.

ஒரே நாளில் மூன்று இடம் என்று திட்டம் போடாதீர்கள். நாங்கள் போட்டோம். மூன்றாவது இடத்தில் அப்பா பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார், கைடு சொன்னதில் ஒன்றும் என் மனதில் தங்கவில்லை. ஒவ்வோர் இடத்திலும் குறைந்தது ஒன்றரை, இரண்டு மணி நேரமாவது நடக்க வேண்டியிருக்கும், பெரும்பாலும் வெயிலில். வேன் உங்களுக்காகக் காத்திருக்காது, ஏற்றும் நேரம் இறக்கும் நேரம் எல்லாம் கணக்காக இருக்கும். பணம் கட்டும் முன் ஒன்றைத் தெளிவாகக் கேட்டுக்கொள்ளுங்கள்: இது போக்குவரத்து மட்டுமா, உள்ளே நுழையும் கட்டணமும் கைடும் சேர்ந்ததா, அல்லது காதில் மாட்டிக்கொண்டு நாமே சுற்றும் ஒலிப்பதிவா? சில டூர்களில் வேன் ஓட்டுநரே வழி நெடுகக் கதை சொல்வார், இடத்தில் இறக்கிவிட்டதும் நம் பாடு. முடிந்தால் அந்த இடத்திலேயே வேலை பார்க்கும் கைடோடு சுற்றுவதை எடுங்கள், கேள்வி கேட்க ஓர் ஆள் வேண்டும்.

அடுத்த தவறு, மாளிகையோடு நிறுத்திக்கொள்வது. வீட்டுக்குள் ஒரு கைடு கூட்டிப்போவார், சாப்பாட்டு மேஜை, கட்டில், விசிறி எல்லாம் காட்டுவார். வெளியே குடிசைகளைப் பல இடங்களில் நாமேதான் போய்ப் பார்க்க வேண்டும். கூட்டத்தில் பாதிப் பேர் அந்தப் பக்கமே போகாமல் கடைக்குப் போய்விடுவதைப் பார்த்திருக்கிறேன். ஓக் ஆலியில் இருப்பவை திரும்பக் கட்டிய குடிசைகள்தான், ஆனாலும் உள்ளே சுவரில் இருக்கும் பெயர்களை நின்று படியுங்கள். அங்கே அன்டுவான் என்று ஒருவர் இருந்தார், தோட்டக்காரர். மெல்லிய ஓடுள்ள பீக்கன் கொட்டையை ஒட்டுக்கட்டி வளர்ப்பதில் முதலில் வெற்றி கண்டவர் அவர், 1840களில். அந்த வகைக்குப் பின்னால் 1876-ல் பிலடெல்பியா நூற்றாண்டுக் கண்காட்சியில் பரிசு கிடைத்து, 'சென்டேனியல்' என்றே பெயரும் வைத்தார்கள். முதலாளி இறந்தபோது 1848-ல் எடுத்த சொத்துப் பட்டியலில் அன்டுவான் இருக்கிறார்: வயது 38, தோட்டக்காரர், ஒட்டுக்கட்டுவதில் தேர்ந்தவர், மதிப்பு 1,000 டாலர். இன்று கடையில் பீக்கன் மிட்டாய் வாங்குகிறவர்களில் எத்தனை பேர் அவர் பெயரைக் கேட்டிருப்பார்கள்?

இனி நம்மவர்களிடம் மட்டும் சொல்ல வேண்டியது ஒன்று. பெரியவர்களுக்கு மொழிபெயர்த்துச் சொல்லும்போது வாய்தவறி "இங்க வேலைக்காரங்க இருந்தாங்க" என்று சொல்லிவிடுகிறோம். நான் அம்மாவிடம் அப்படித்தான் சொன்னேன். அம்மா அதைக் கேட்டு "அப்ப சம்பளம் எவ்வளவு குடுப்பாங்க?" என்றார். அந்தக் கேள்வி நியாயமானது, தவறு என் சொல்லில். வேலைக்காரர் சம்பளம் வாங்குவார், பிடிக்காவிட்டால் விட்டுப் போவார். இவர்களைச் சந்தையில் வாங்கினார்கள், விற்றார்கள், அடமானம் வைத்தார்கள், தாய் அடிமை என்றால் பிறக்கும் குழந்தையும் பிறக்கும்போதே முதலாளியின் சொத்து. 'அடிமைகள்' என்றோ 'அடிமையாக்கி வைத்திருந்தவர்கள்' என்றோ நேராகச் சொல்லுங்கள். அதேபோல் வரிசைக் குடிசைகளைப் பார்த்ததும் இலங்கை மலையகத்துத் தேயிலைத் தோட்ட லயங்கள் ஞாபகம் வரும், வருவதில் தவறில்லை. ஆங்கிலேய ஆட்சியில் 1834-ல் அடிமை முறை முடிவுக்கு வந்த கையோடுதான் மொரீஷியஸ் கரும்புத் தோட்டங்களுக்கு நம் மக்களை ஒப்பந்தக் கூலிகளாகக் கப்பல் ஏற்றினார்கள், எனவே அந்தத் தொடர்பு உண்மை. ஆனால் "எங்க ஊர்லயும் இதேதான்" என்று கைடிடம் சொல்லி முடித்துவிடாதீர்கள். ஒப்பந்தக் கூலி பட்ட கொடுமை பெரிது, ஆனாலும் அவரைச் சட்டம் ஒரு பொருளாக எழுதவில்லை. அந்த வித்தியாசத்தைக் கேட்கத்தான் அங்கே போகிறோம்.

"இந்த முதலாளி நல்லவரா? அடிமைகளை நன்றாக வைத்திருந்தாரா?" என்ற கேள்வி எல்லாக் கூட்டத்திலும் வரும். கைடுகளுக்கு இது சலித்துப்போன கேள்வி. அதற்குப் பதில் வேலையைப் பற்றிக் கேளுங்கள். இது பருத்திக் காடு இல்லை, கரும்புக் காடு. ஊரில் ஆலையாடும் இடத்தில் பாகு காய்ச்சுவதைப் பார்த்தவர்களுக்குச் சட்டென்று பிடிபடும். உறைபனி விழுவதற்குள் வெட்டி, வெட்டியது கெட்டுப்போவதற்குள் பிழிந்து காய்ச்சியாக வேண்டும், அதனால் அக்டோபர் முதல் வருடக் கடைசி வரை ஆலை இரவும் பகலும் நிற்காது. வரிசையாக இரும்புக் கொப்பரைகள், கொதிக்கும் சாற்றை ஒன்றிலிருந்து அடுத்ததற்கு அகப்பையால் மொண்டு ஊற்ற வேண்டும், தூக்கத்தில் கால் தடுமாறினால் என்ன ஆகும் என்று நீங்களே யோசியுங்கள். லூசியானாவின் கரும்புப் பகுதியில் பிறப்பைவிட இறப்பு அதிகமாக இருந்தது, ஆட்கள் குறையக் குறைய வர்ஜீனியா, மேரிலாந்து பக்கமிருந்து புதிதாக வாங்கிக்கொண்டே இருந்தார்கள். விட்னியில் அந்தக் கொப்பரைகள் வெளியே கிடக்கின்றன. பக்கத்தில் போய் நின்று, உள்ளே எட்டிப் பாருங்கள்.

குழந்தைகளை அழைத்துப் போவதா வேண்டாமா என்பதை முன்கூட்டியே முடிவு செய்யுங்கள். போகலாம் என்பதுதான் என் கருத்து, ஆனால் கதையை வீட்டிலேயே கொஞ்சம் சொல்லிவிட்டுக் கூட்டிப் போங்கள். விட்னியில் தேவாலயத்துக்குள் குழந்தைகளின் சிலைகள் ஆளுயரத்தில் நிற்கும், உட்கார்ந்திருக்கும். இன்னோர் இடத்தில் அந்த மாவட்டத்தில் இறந்துபோன 2,200 அடிமைக் குழந்தைகளின் பெயர்கள் கல்லில் இருக்கின்றன. வேறொரு சுவர்த் தொகுதியில் லூசியானாவில் அடிமைகளாக இருந்த 1,07,000 பேரின் பெயர்கள். 1811 ஜனவரி 8-ல் சார்லஸ் டெஸ்லோண்ட் தலைமையில் ஆற்றின் மறுகரையில் அடிமைகளின் பெரிய கிளர்ச்சி ஒன்று எழுந்தது, நியூ ஆர்லியன்ஸை நோக்கி நடந்தார்கள். அதை அடக்கியபின் டெஸ்ட்ரிஹானில் விசாரணை நடத்தி, கொல்லப்பட்ட கிளர்ச்சிக்காரர்களின் தலைகளைக் கம்பத்தில் குத்தி ஆற்றோரம் நட்டு வைத்தார்கள். விட்னியில் அதற்கான நினைவுச் சின்னத்தில் கம்பிகளின் மேல் தலைகளாகவே செய்து வைத்திருக்கிறார்கள். சிறு குழந்தைகள் பயந்துபோகும், அந்தப் பகுதி வரும்போது ஒருவர் குழந்தையோடு தள்ளி நின்றுகொள்ளலாம். சிலைகளின் தோளில் கைபோட்டுப் படம் எடுப்பது, குடிசை வாசலில் பட்டுப்புடவையில் சிரித்து நிற்பது, இதையெல்லாம் தயவுசெய்து செய்யாதீர்கள். அது கல்லறைக்குச் சமமான இடம்.

சில்லறை விஷயங்கள். ஜூன் முதல் ஆகஸ்ட் வரை புழுக்கம் தாங்காது, கொசு வேறு. தொப்பி, தண்ணீர், மூடிய செருப்பு வேண்டும். நவம்பர் கடைசி வரை புயல் காலம், 2021 ஆகஸ்டில் வந்த ஐடா புயல் விட்னியிலேயே கட்டடங்களைச் சேதப்படுத்தியது. சைவம் சாப்பிடுகிறவர்கள் கையில் ஏதாவது கட்டிக்கொண்டு போங்கள், வெறும் ராஜ்மா சாதம் போலத் தெரியும் ரெட் பீன்ஸில்கூடப் பன்றி இறைச்சி இருக்கும். வாரத்தில் ஒரு நாள் விடுமுறை விடும் இடங்கள் உண்டு, தேதியைச் சரிபாருங்கள். பழைய பட்டியல்களை நம்பாதீர்கள்: 64 அறைகளோடு பிரம்மாண்டமாக நின்ற நாட்டவே மாளிகை 2025 மே 15-ல் தீயில் எரிந்துவிட்டது, இன்னமும் பலர் அதைப் பார்க்கச் சொல்லி எழுதிவைத்ததுதான் கண்ணில் படுகிறது. சொந்தக் காரில் போகிறவர்கள் எந்த இடம் எந்தக் கரையில் என்று பார்த்து வரிசை போடுங்கள், பாலங்கள் குறைவு, தவறிவிட்டால் நீண்ட சுற்று.

கடைசியாக, இதெல்லாம் 1865-ல் முடிந்துபோன கதை என்று எண்ணிக்கொண்டு திரும்பி வராதீர்கள். விடுதலைக்குப் பிறகும் வேறு போக்கிடம் இல்லாமல் அதே குடிசைகளில், அதே கரும்பு வெட்டிக்கொண்டு, தோட்டக் கடையில் கடன்பட்டு வாழ்ந்தவர்கள் பலர். லாராவில் 1977 வரை அந்தக் குடிசைகளில் ஆட்கள் குடியிருந்தார்கள், அது நம்மில் பலர் பிறந்த காலம். திரும்பும் வழியில் வேனில் தூங்காமல் வெளியே பாருங்கள். கரும்புக் காட்டுக்கு நடுவே ரசாயன ஆலைகள் வரிசையாக வரும். பழைய தோட்ட நிலங்களில் எழுந்த ஆலைகள் அவற்றில் நிறைய. அவற்றின் புகைக்கு அருகில் இருக்கும் சின்ன ஊர்களில் அந்த அடிமைகளின் பரம்பரையில் வந்தவர்கள் இன்றும் குடியிருக்கிறார்கள். அந்தப் பகுதிக்குப் 'புற்றுநோய்ச் சந்து' என்றே பெயர் விழுந்துவிட்டது.

மறுநாள் காலை ஊருக்குக் கிளம்பும் முன் அரை மணி நேரம் இருந்தால், பிரெஞ்சு குவார்ட்டரில் சார்ட்ரஸ் தெருவும் செயின்ட் லூயிஸ் தெருவும் சந்திக்கும் இடத்துக்குப் போங்கள். அங்கே முன்பு ஒரு ஆடம்பர ஹோட்டல் இருந்தது, அதன் நடுக்கூடத்தில் மனிதர்களை ஏலம் விட்டார்கள். இப்போது அந்த இடத்தில் வேறொரு ஹோட்டல் நிற்கிறது. சார்ட்ரஸ் தெருப் பக்கச் சுவரில் பழைய கட்டடத்தின் ஒரு துண்டை மட்டும் இடிக்காமல் விட்டிருக்கிறார்கள், அதில் 'எக்ஸ்சேஞ்ச்' என்ற சொல்லின் பின்பாதி எழுத்துகள் மங்கலாக இன்னும் தெரிகின்றன.